லோரிக்காரியின் சொந்தக் குரல்

அந்தப் படத்துக்கு அழகான பெயர் ஒன்று உண்டு. விசிடி அட்டையில் பெரிய எழுத்தில் போட்டிருக்கும். ஆனால் அதை யாரும் சொல்லி நான் கேட்டதில்லை. கிள்ளானிலும் சரி, ஜெஞ்சாரோம் பக்கத்துச் செம்பனைத் தோட்டங்களிலும் சரி, அது வெறும் 'லோரிப் படம்'. அதில் நடித்தவர் 'லோரிக்காரி'. அவருடைய உண்மையான பெயர் எனக்கே வேலைக்குப் போன பிறகுதான் தெரிந்தது.

நம் நாட்டிலேயே எடுத்த படம். குறைந்த செலவில், கிள்ளானைச் சுற்றியே எடுத்தது. தியேட்டரில் ஓடவில்லை. பிறகு பாசார் மாலாம் என்கிற இரவுச் சந்தையில் திருட்டு விசிடியாக வந்து வீடு வீடாகப் போய்விட்டது. கதை பெரிதாக ஒன்றுமில்லை. கணவன் செத்துப்போகிறான். அவன் ஓட்டிய லோரியை அவள் ஓட்ட ஆரம்பிக்கிறாள். ஊர் ரவுடி விடமாட்டேன் என்கிறான். கடைசியில் ஒரு பாலத்தில் ஆட்களோடு வழிமறித்து நிற்கிறான். அவள் லோரியை நிறுத்திவிட்டு இறங்கி வருகிறாள். முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு சொல்கிறாள்:

"வழி விடுறியா, இல்ல நீயே வழியா ஆயிடுறியா?"

அவ்வளவுதான். இந்த ஒரு வரிக்காகத்தான் அந்தப் படம் இன்னும் உயிரோடு இருக்கிறது. லோரிகளின் பின்புறம் எழுதியிருப்பார்கள். டிஷர்ட்டில் அச்சடிப்பார்கள். வாட்சப்பில் அந்தக் காட்சியின் படத்தைப் போட்டு, வழியில் நிற்கும் மாமியாரிலிருந்து மேனேஜர் வரை எல்லாரையும் கிண்டலடிப்பார்கள். அந்தக் குரல் அப்படி. கணீரென்று, பாலத்துக்குக் கீழே ஓடும் தண்ணீரே ஒரு நிமிடம் நின்றுவிடும் போல இருக்கும்.

எங்கள் வீட்டில் அந்த வரிக்கு வேறு மரியாதை. எங்கள் குடும்பத்தில் ஆறாம் வகுப்பைத் தாண்டிய முதல் ஆள் நான். பட்டம் வாங்கியதும் நான்தான். இதைச் சொல்லிக்கொள்வதில் எனக்குக் கூச்சம் கிடையாது. என் பட்டமளிப்புப் படம் டிவிக்கு மேலே, சாமி படத்தைவிடக் கொஞ்சம் உயரத்தில் மாட்டியிருக்கிறது. அம்மா மாட்டியது. அம்மாவுக்கு எழுதப் படிக்கத் தெரியாது. தோட்டத்தில் பிறந்து, கல்யாணமாகிக் கிள்ளானுக்கு வந்து, தொழிற்சாலையில் துப்புரவு வேலைக்குப் போனவர். அப்பா நான் சிறுமியாக இருக்கும்போதே போய்விட்டார்.

பள்ளியின் கடைசி வகுப்பான படிவம் ஐந்தை நான் முடித்த கையோடு பெரியப்பா வீட்டுக்கு வந்தார். அப்பா இல்லாத வீட்டில் முடிவெடுக்கும் பொறுப்பைத் தானே எடுத்துக்கொண்டவர்.

"பொட்டப்புள்ளைக்கு எதுக்கு யூனிவர்சிட்டி? ஷா ஆலாம் ஃபேக்டரியில ஆள் எடுக்கிறான். பஸ் வீட்டு வாசலுக்கே வருது. நான் பேசிட்டேன், திங்கக்கிழமை வரச் சொல்லிட்டான்" என்றார்.

அம்மா கோப்பி டம்ளரை அவர் முன்னால் வைத்தார். பிறகு கதவோரம் போய் நின்று, இடுப்பில் கை வைத்து, அடுக்குமாடி முழுக்கக் கேட்கிற மாதிரி அந்த வரியைச் சொன்னார். பெரியப்பாவுக்கு முதலில் சிரிப்பு வந்துவிட்டது. "அட, லோரிப் படமாச்சே!" என்றார். அம்மா சிரிக்கவில்லை. பெரியப்பாவின் சிரிப்பு பாதியில் நின்றது. கோப்பியைக் குடிக்காமலே எழுந்து போனார். எதிர்வீட்டு அக்கா கதவைத் திறந்து எட்டிப் பார்த்து, "என்னாச்சு ஆன்டி, யாரு மேல லோரிய ஏத்துறீங்க?" என்று கேட்டது இன்னும் நினைவிருக்கிறது.

நான் ஒலிப்பதிவு படித்தேன். இப்போது பிரிக்பீல்ட்ஸில், ஒரு சாப்பாட்டுக் கடைக்கு மேல்மாடியில் இருக்கும் சின்ன ஸ்டூடியோவில் வேலை. விளம்பரங்கள், நாடகங்கள், எப்போதாவது ஒரு படம். குரலைச் சுத்தம் செய்வதுதான் என் வேலை. மத்தியானமானால் கீழே தாளிக்கும் வாசனை மேலே வரும். அப்போது மட்டும் யாரும் நல்ல குரலில் பேச மாட்டார்கள், எல்லாருக்கும் பசி.

ஒருநாள் எங்கள் முதலாளி ஒரு பெட்டியோடு வந்தார். லோரிப் படத்தின் உரிமையைத் தயாரிப்பாளர் குடும்பத்திடமிருந்து வாங்கிவிட்டார். பழைய டேப்பைச் சுத்தம் செய்து, பிரிக்பீல்ட்ஸில் ஒரு மண்டபத்தில் பெரிய திரை கட்டி ஒரு நாள் போடுவது அவர் திட்டம்.

"இந்தாமா, உன் படிப்புக்கு வேலை வந்திருக்கு. சத்தம் பூரா இரைச்சல். தேய்ச்சுக் குடு" என்றார்.

வீட்டில் சொன்னதும் அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டார். நான் வேலைக்குச் சேர்ந்த அன்றுகூட அவர் முகம் அப்படி இருந்ததில்லை.

டேப்பில் குரல், இசை, எஞ்சின் சத்தம் எல்லாம் ஒன்றாகக் கலந்துதான் இருந்தது. இப்போது அவற்றைப் பிரிக்க மென்பொருள் வந்துவிட்டது. பாலத்துக் காட்சியை எடுத்தேன். இசையை நீக்கினேன். எஞ்சினை நீக்கினேன். குரல் தனியாக நின்றது. அப்போதுதான் ஒன்றைக் கவனித்தேன். லோரிக்காரியின் வாய் சரியாகத் திறக்கவே இல்லை. உதடு லேசாக அசைகிறது. தாடை இறங்கவில்லை, கழுத்து நரம்பு எழவில்லை. குரல் மட்டும் இடி மாதிரி விழுகிறது. 'வாயைத் திறக்காமலே கத்துறா' என்று ரசிகர்கள் கேலி செய்வதை நான் கேட்டிருக்கிறேன். அதை ஒரு வேடிக்கையாகத்தான் நினைத்திருந்தேன்.

"பாஸ், இது இவங்க குரல் இல்லையா?"

"இல்லம்மா. மெட்ராஸ்ல டப்பிங். நம்ம ஊர்ப் பேச்ச அங்க கொண்டுபோனா சிரிப்பாங்கன்னு புரொடியூசருக்குப் பயம். எல்லார் குரலையும் மாத்திட்டாரு."

"பேசினவங்க பேர் போடலையே?"

"யாருக்குத்தான் போட்டாங்க? சாப்பாடு கொண்டுவந்தவனுக்குப் போட்டாங்க. ஏன்னா அவன் புரொடியூசருக்கு மச்சான்."

நான் சிரித்தேன். ஆனால் அன்று முழுவதும் வேலை ஓடவில்லை. அந்தக் குரலில் சொன்ன வரியால்தான் நான் படித்தேன். அது யாரோ முகம் தெரியாத சென்னைப் பெண்ணின் குரல். அவளுக்கும் பெயர் கிடைக்கவில்லை. நடித்தவருக்கோ குரல் கிடைக்கவில்லை.

அடுத்த வாரம் ஒரு பள்ளி வேன் வந்து கீழே நின்றது. பாதி நடைபாதையில் ஏறி நின்றது. கடைக்காரர் சத்தம் போட்டார். இறங்கிய பெண் ஏதோ பதில் சொல்லி அவரைச் சிரிக்க வைத்துவிட்டு மேலே ஏறி வந்தார். குள்ளமாக, கண்ணாடி போட்டு, கழுத்தில் சாவிக்கொத்துத் தொங்க. திரையில் பார்த்துப் பழகிய அந்தப் புருவத்தைப் பார்த்ததும் நான் எழுந்துவிட்டேன்.

"ஆன்டி, நீங்க..."

"மூஞ்சிய வச்சுக் கண்டுபிடிச்சுட்டியா, பரவால்ல. வாயத் தொறந்தா எல்லாருக்கும் சந்தேகம் வந்துரும்."

குரல் தாழ்வாக, லேசாகக் கரகரத்து இருந்தது. அவசரமே இல்லாத குரல்.

கிள்ளானில் பள்ளிப் பிள்ளைகளை ஏற்றி இறக்கும் வேன் ஓட்டுகிறார். "படத்துல லோரி ஓட்டினீங்களே, அந்தப் பழக்கமா ஆன்டி?" என்று கேட்டுவிட்டேன்.

"எனக்கு அப்போ சைக்கிளே ஓட்டத் தெரியாது லா. லோரிய ஓட்டினது ஒரு சீன அங்கிள். அவருக்குச் சவுரி மாட்டி, என் சேலையக் கட்டி விட்டாங்க. நல்லாப் பாரு, தூரத்துலேர்ந்து வர்ற சீன்ல எல்லாம் எனக்கு மீசை இருக்கும்."

அவரை வரச் சொல்லியிருந்த முதலாளி நாற்காலியை இழுத்துப் போட்டு, "அக்கா, நீங்கதான் சிறப்பு விருந்தினர். கண்டிப்பா வரணும்" என்றார்.

"வரேன் தம்பி. என் குரலும் வரணும்."

"மைக் குடுக்கிறோம்க்கா. எவ்வளவு நேரம் வேணாலும் பேசுங்க."

"மேடையில இல்ல. படத்துல."

பிறகு அவரே சொன்னார்.

படப்பிடிப்பில் அந்த வரியை அவர் கத்தவில்லை. இயக்குநர் கத்தச் சொன்னாராம். "நெஜமா லோரிய ஏத்தப் போறவ எதுக்குக் கத்தணும்? சும்மா சொன்னாப் போதும். கேக்கிறவனுக்கு வயித்தக் கலக்கும்" என்று இவர் வாதாடி, மெதுவாகத்தான் சொல்லியிருக்கிறார். எடுத்து முடித்ததும் படப்பிடிப்பில் இருந்தவர்கள் கைதட்டினார்களாம். முதல் காட்சி கிள்ளானில். குடும்பத்தோடு போய் உட்கார்ந்திருக்கிறார். திரையில் இவர் வாயைத் திறந்ததும் வேறு யாரோ பேசினார்கள். பக்கத்திலிருந்த அப்பா திரும்பி, "யாரும்மா பேசுறது?" என்று கேட்டார்.

"எனக்கே தெரியாது, அவருக்கு என்னத்தச் சொல்றது?"

அதற்குப் பிறகு வந்த வாய்ப்புகளில் எல்லாம், நானே பேசுகிறேன் என்று கேட்டாராம். சனங்களுக்கு அந்தக் குரல்தான் வேண்டும் என்று சொல்லிவிட்டார்கள். இவர் விட்டுக்கொடுக்கவில்லை. வாய்ப்புகள் நின்றுபோயின. அந்த ஒரு படம்தான்.

"அதுகூடப் பரவால்ல. போன வருசம் ஒரு கல்யாணம். டிஜே என்னயப் பாத்துட்டு மேடைக்குக் கூப்பிட்டான். வசனம் சொல்லுங்கன்னு எல்லாரும் கத்துறாங்க. சரின்னு சொன்னேன், நான் சொன்ன மாதிரியே. மண்டபமே கப்சிப். பின்னாலேர்ந்து ஒருத்தன், 'டூப்பு லா!'ன்னான். எல்லாரும் சிரிச்சாங்க. என் மக பக்கத்துல நின்னுச்சு."

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டார்.

"ஒரு தடவ, தம்பி. அந்தப் பெரிய திரையில, அத்தன சனம் இருக்கையில, நான் நானாப் பேசணும். எப்படிச் சொன்னேன்னு அவங்க கேக்கணும். பிறகு அவங்களுக்குப் புடிக்கலன்னா விட்டுருங்க."

முதலாளி தலையைச் சொறிந்தார். படம் முழுக்க மாற்றினால் ரசிகர்கள் திரையைக் கிழித்துவிடுவார்கள் என்றார். ஒரே ஒரு காட்சி என்றால் சரி என்றார். நான் வேறு ஒரு காட்சியைச் சொல்லிப் பார்த்தேன். அவள் விடியற்காலையில் லோரியைக் கழுவிக்கொண்டே, உள்ளே தூங்கும் பிள்ளையிடம் பேசுவாள். இசை இல்லை, கூட்டம் இல்லை. அவருடைய குரல் அதில் அழகாக உட்காரும் என்று எனக்குத் தோன்றியது.

"அது யாருக்கும் ஞாபகமே இல்லாத சீன். அதுல என் குரல் இருந்தா என்ன, இல்லாட்டி என்ன? பாலம்தான் வேணும்" என்றார்.

முதலாளிக்கு உடனே உற்சாகம் வந்துவிட்டது. "சர்ப்ரைஸா வச்சுக்குவோம்க்கா. யார்கிட்டயும் சொல்லக்கூடாது. காட்சி முடிஞ்சதும் நான் மேடையில ஏறி, இப்போ நீங்க கேட்டது யார் குரல்னு சொல்றேன். கூரை பிச்சிக்கும்."

"முன்னாடியே சொல்லிட்டா நல்லதில்லையா பாஸ்?" என்று கேட்டேன்.

"முன்னாடியே சொன்னா சப்புன்னு போயிடும்மா."

ஆன்டியும் சர்ப்ரைஸ் என்றால் நல்லதுதான் என்று தலையாட்டினார். கல்யாண மண்டபத்தில் சிரித்தவர்கள் மாதிரி ஆட்கள் தயாராக வந்து உட்கார்ந்து கேட்பதை அவர் விரும்பவில்லை. எதிர்பாராமல் கேட்கட்டும், அப்போதுதான் உண்மையாகக் கேட்பார்கள் என்றார். எனக்கும் அது நியாயமாகத்தான் பட்டது.

ஞாயிற்றுக்கிழமைகளில் ஸ்டூடியோவைத் திறந்து பதிவு செய்தோம். டப்பிங் அவருக்குப் புதிது. ஹெட்போனில் பழைய குரலைக் கேட்டுக்கொண்டே, திரையில் தன் இளவயது முகத்தைப் பார்த்துப் பேச வேண்டும். முதல் நாள் அவர் வாயிலிருந்து வந்ததைக் கேட்டு இருவருமே திகைத்தோம். அவரும் கத்தினார். அந்தச் சென்னைப் பெண் நீட்டிய இடத்தில் நீட்டி, அவள் கடித்த இடத்தில் கடித்து, அப்படியே.

மைக்கிலிருந்து தள்ளிப் போய் உட்கார்ந்துவிட்டார். "அவ எனக்குள்ளயே வந்து உக்காந்துட்டா, பாரேன். நான் எப்படிச் சொன்னேன்னு எனக்கே மறந்துபோச்சு."

எத்தனையோ முறை முயன்றோம். தண்ணீர் குடித்துப் பார்த்தார். நின்று பார்த்தார், நடந்து பார்த்தார். பிறகு எனக்கு ஒரு யோசனை வந்தது. ஹெட்போனைக் கழற்றச் சொன்னேன். பழைய குரலை முழுக்க அணைத்துவிட்டு, சத்தமே இல்லாமல் படத்தை மட்டும் ஓடவிட்டேன்.

"ஆன்டி, யாரையும் கேக்காதீங்க. உங்க வாயை மட்டும் பாருங்க."

அவர் திரைக்குப் பக்கத்தில் போய் நின்றார். தன் உதடு அசைவதைப் பார்த்தார். திரும்பத் திரும்பப் போடச் சொன்னார். அவருடைய உதடும் கூடவே அசைய ஆரம்பித்தது. பிறகு சத்தம் வந்தது. மெதுவாக, கிட்டத்தட்ட அன்பாக. "வழி விடுறியா..." ஒரு சின்ன மூச்சு. "இல்ல நீயே வழியா ஆயிடுறியா?" உதடும் குரலும் ஒரு இழை பிசகாமல் பொருந்தின.

திரையில் இருப்பவள் வயது குறைந்தவள், குரலுக்கு வயதாகிவிட்டது. அதனால் சுருதியை ஒரு துளி ஏற்றி இளமையாக்கிக் காட்டினேன். நன்றாகச் செய்திருந்தேன் என்ற பெருமை எனக்கு. அவர் கேட்டுவிட்டுத் தலையாட்டினார்.

"வேணாம்மா. கெழவி குரலா இருந்தாலும் என் குரலா இருக்கட்டும். நீயும் சேந்து இன்னொருத்திய உருவாக்கிறாத."

சுருதியை இறக்கி, இருந்தபடியே விட்டுவிட்டேன்.

ஒரு ஞாயிறு, கீழேயிருந்து வாங்கி வந்த ரொட்டி சானாயைச் சாப்பிட்டுக்கொண்டே அம்மாவின் கதையை அவரிடம் சொன்னேன். பெரியப்பா, கோப்பி, கதவோரம், எல்லாம். அவர் சந்தோஷப்படுவார் என்று நினைத்துத்தான் சொன்னேன். அவர் ரொட்டியைப் பிய்ப்பதை நிறுத்தினார்.

"சத்தமாவா சொன்னாங்க?"

"அடுக்குமாடியே கேட்டுச்சு ஆன்டி."

"அப்ப அவ சொன்ன மாதிரிதான்." தட்டைத் தள்ளி வைத்தார். "இருக்கட்டும். உன்னயப் படிக்க வச்சிருக்கு, கொறையா சொல்லக்கூடாது. ஆனா பாரு, உங்கம்மாகூட அத அவங்க சொந்தக் குரல்ல சொல்லிட்டாங்க. ஊருல எல்லாரும் சொல்லிட்டாங்க. நான் மட்டுந்தான் இன்னும் சொல்லல."

படம் போட்ட சனிக்கிழமை மத்தியானம் மண்டபம் நிரம்பிவிட்டது. பத்துமலைப் பக்கத்திலிருந்தும் செமினியிலிருந்தும் வேன் பிடித்து வந்திருந்தார்கள். லோரி ஓட்டுநர்கள் ஒரு கூட்டமாக, எல்லாருடைய டிஷர்ட்டிலும் அந்த வசனம். கைக்குழந்தைக்குக்கூட ஒன்று போட்டிருந்தார்கள். அம்மா, என் பட்டமளிப்புக்குக் கட்டிய சேலையைக் கட்டிக்கொண்டு மூன்றாவது வரிசையில் உட்கார்ந்திருந்தார். அவரிடமும் நான் எதுவும் சொல்லவில்லை. முதலாளியிடம் வாக்குக் கொடுத்திருந்தேன்.

நான் பின்னால் ஒலி மிக்ஸர் முன்னால் நின்றேன். முதல் வரிசையில் லோரிக்காரி ஆன்டி, பக்கத்தில் அவருடைய மகள். அவர் கைப்பையை மடியில் வைத்து இரண்டு கையாலும் பிடித்திருந்தது எனக்குத் தெரிந்தது.

படம் தொடங்கியதிலிருந்தே விசில். மீசை தெரியும் இடத்தில், "அங்கிள், சேலை அவுருது!" என்று ஒருவன் கத்தினான். மண்டபம் குலுங்கியது. அவரும் தோள் குலுங்கச் சிரித்தார். எல்லாரும் நல்ல மனநிலையில் இருந்தார்கள். இதைவிட நல்ல கூட்டம் அமையாது என்று நினைத்துக்கொண்டேன்.

பாலம் வந்தது. லோரி நின்றது. கதவு திறந்தது. அவள் இறங்கினாள்.

மண்டபம் அமைதியாகும் என்று நாங்கள் கணக்குப் போட்டிருந்தோம். ரவுடி கேட்கும் கேள்விக்குப் பிறகு, அவள் வாயைத் திறப்பதற்கு முன்னால், எல்லாரும் ஒன்றாக மூச்சை இழுப்பது எனக்குக் கேட்டது. அப்போதே புரிந்துவிட்டது. இத்தனை பேரும் இந்த வரியைக் கேட்க வரவில்லை. சொல்ல வந்திருக்கிறார்கள்.

மண்டபமே எழுந்து நின்று கத்தியது. சென்னைப் பெண் நீட்டிய இடத்தில் நீட்டியது, கடித்த இடத்தில் கடித்தது. நான் சத்தத்தை ஏற்றும் ஃபேடரைத் தள்ளினேன், அது போகிற வரைக்கும் தள்ளினேன். மெதுவாகச் சொன்ன ஒரு வரியை எவ்வளவுதான் தூக்க முடியும்? நான் ஏற்ற ஏற்ற அவர்களும் ஏறினார்கள். மூன்றாவது வரிசையில் அம்மா நின்றுகொண்டிருந்தார், இடுப்பில் கை வைத்து, கழுத்து நரம்பு புடைக்க. அத்தனை பேரிலும் அம்மாவின் குரலை என்னால் தனியாகப் பிரித்துக் கேட்க முடிந்தது. பிறகு லோரி எஞ்சின், விசில், கைதட்டல். காட்சி முடிந்துவிட்டது.

விளக்கு போட்டதும் முதலாளி மேடைக்குப் போனார். முகம் வெளிறியிருந்தது. லோரிக்காரி ஆன்டியை மேடைக்கு அழைத்ததும் கூரை உண்மையிலேயே பிய்த்துக்கொண்டது. மைக்கைக் கையால் மூடிக்கொண்டு முதலாளி ஏதோ கேட்டார். என் ஹெட்போனில் அரைகுறையாக விழுந்தது. "சொல்லிரவாக்கா?"

அவர் வேண்டாம் என்று தலையாட்டினார்.

"வசனம்! வசனம்!" என்று கூட்டம் கத்தியது. அவர் மைக்கை வாங்கிக்கொண்டார். கொஞ்ச நேரம் அதை வாய்க்கு நேராகப் பிடித்தபடி நின்றார். சொல்லிவிடுவார் என்றுதான் நினைத்தேன். நான் அவருடைய மைக்கை ஏற்றி வைத்தேன். அவர் கூட்டத்தைப் பார்த்தார், சிரித்தார், மைக்கைத் திருப்பி அவர்களிடம் நீட்டினார்.

"நீங்களே சொல்லுங்க."

சொன்னார்கள். அவர் உதடு மட்டும் அசைந்தது.

கூட்டம் கலைந்து செல்ஃபி எல்லாம் முடிந்த பிறகு மிக்ஸர் பக்கம் வந்தார். "பாஸ்கிட்ட சொல்லி இன்னொரு தடவ போடச் சொல்லவா ஆன்டி? இப்பவே, ஆளுங்க இன்னும் வெளியில நிக்கிறாங்க" என்றேன்.

"எதுக்கு? கத்தணும்னு வந்தாங்க. நல்லாத்தான் கத்தினாங்க. இவ்ளோ வருசம் கழிச்சும் வந்திருக்காங்களே, அவங்களப் போயி உக்காத்தி வச்சுப் பாடம் நடத்துறதா?" சாவிக்கொத்தைக் கழுத்திலிருந்து எடுத்துக் கையில் வைத்துக்கொண்டார். "உனக்குக் கேட்டுச்சா?"

"ஹெட்போன்ல கேட்டுச்சு ஆன்டி. முழுசா."

"ஒரு ஆளு கேட்டாப் போதும்னு சொல்லணும்னு பாக்கிறேன். வாய் வரல."

பிறகு, "மூணாவது வரிசைதானே உங்கம்மா? பாத்தேன். நல்லாச் சொன்னாங்க" என்றார். திங்கட்கிழமை பிள்ளைகளுக்குப் பரீட்சை, சீக்கிரம் ஏற்ற வேண்டும் என்று சொல்லிக்கொண்டே படியிறங்கிப் போனார்.

முதலாளி பிறகு படத்தை இணையத்தில் ஏற்றினார், பழைய குரலோடுதான். அவர் மேல் தப்புச் சொல்ல முடியாது, அதைத்தான் கேட்கிறார்கள். ஆன்டிக்கு அவர் குரலோடு இருக்கும் காட்சியைத் தனியாக அனுப்பினேன். நன்றிம்மா என்று ஒரு வரி வந்தது. பிள்ளைகள் வேனில் இப்போதும் வசனம் கேட்கிறார்களாம். அந்த லோரி கழுவும் காட்சியை எடுத்திருந்தால் யாரும் கத்தியிருக்க மாட்டார்கள் என்று எனக்கு அடிக்கடி தோன்றும். ஆனால் அது அவர் கேட்ட காட்சி இல்லை.

அன்று சாயங்காலம் அம்மாவும் நானும் கொமுட்டர் ரயிலில் கிள்ளானுக்குத் திரும்பினோம். அம்மாவுக்குத் தொண்டை கட்டியிருந்தது. அப்படிச் சந்தோஷமாக அவரை நான் பார்த்து வெகுநாளாகிவிட்டது. மேடையில் ஆன்டி கட்டியிருந்த சேலையின் கரை, அவர் சிரித்தது, மைக்கை நீட்டியது என்று ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டே வந்தார். திடீரென்று என் பக்கம் திரும்பினார்.

"ஏன்டி, மத்த எடத்துல எல்லாம் நல்லாக் கேட்டுச்சு. அந்தப் பாலத்துல மட்டும் அவங்க சத்தமே வரலையே. உங்க மிஷின் கெட்டுப்போச்சா?"

"மிஷின் நல்லாத்தான் இருந்துச்சும்மா."

"பின்ன?"

முதலாளிக்குக் கொடுத்த வாக்கு முடிந்துவிட்டது, இனி மறைக்க ஒன்றுமில்லை. எல்லாவற்றையும் சொன்னேன். சென்னைக் குரல், ஆன்டியின் அப்பா திரும்பிக் கேட்டது, கல்யாண மண்டபம், ஞாயிற்றுக்கிழமைகள். சுபாங் ஜெயாவில் ஆட்கள் ஏறி இறங்கினார்கள். ஷா ஆலாம் தாண்டியது. அம்மா ஜன்னலையே பார்த்துக்கொண்டிருந்தார். ரயில் கிள்ளானில் மெதுவாகி, எல்லாரும் எழுந்து கதவுப் பக்கம் போகும்போது, கட்டிய தொண்டையோடு சொன்னார்.

"ஒரு வார்த்த சொல்லியிருந்தா நான் வாயப் பொத்திக்கிட்டு இருந்திருப்பேனேடி. பக்கத்துல கத்தினவங்களயும் உக்கார வச்சிருப்பேனே."